உன் பேரில் முடிந்த ஒரு ரூபாய்

உ
எல்லையம்மன் துணை

வல்லம் வடகால்,
ஐப்பசி, வியாழக்கிழமை.

என் அன்பு மகள் சசிரேகாவுக்கு அம்மா எழுதிக்கொள்வது. எல்லையம்மன் கண் திறந்து பார்த்ததில் நானும் உன் அப்பாவும் வேளைக்குச் சாப்பிட்டு, வேளைக்கு மாத்திரை போட்டு, குறையில்லாமல் இருக்கிறோம். அந்தக் குளிர் ஊரில் நீயும் சளி காய்ச்சல் அண்டாமல் சுகமாக இருக்கிறாய் என்று நம்பித்தான் இதைத் தொடங்குகிறேன். பிள்ளைப்பாக்கம் நரசிம்மன் மகள் பூஜாவை அவள் கம்பெனியில் டிரெயினிங்குக்காக உங்கள் ஜெர்மனிக்கே அனுப்புகிறார்கள், திங்கட்கிழமை ஃப்ளைட். பருப்புப்பொடி, நார்த்தங்காய், சுண்டைக்காய் வற்றல் எல்லாம் அவளிடம் கொடுத்துவிடுகிறேன், இந்தக் கடிதமும் அதோடுதான் வரும். ஃபோன் இருக்கும்போது அம்மா எதற்கு மெனக்கெட்டுப் பக்கம் பக்கமாக எழுதுகிறாள் என்று நினைப்பாய். ஃபோனில் முடியாது கண்ணு. உன் குரல் கேட்டாலே உன் அப்பா, ஸ்பீக்கர்ல போடு என்று பக்கத்தில் வந்து உட்கார்ந்துவிடுகிறார். அப்பா ஏன் எப்போ டிக்கெட் போடுற, எப்போ டிக்கெட் போடுற என்றே கேட்கிறார் என்று நீ என்னிடம் இரண்டு தடவை கேட்டாய். குக்கர் விசில் வருகிறது என்று சொல்லி இரண்டு தடவையும் வைத்துவிட்டேன். அடுப்பில் குக்கரே இல்லை. அந்தப் பொய்க்கு உண்மையான பதிலைத்தான் இதில் எழுதப் போகிறேன், கோபம் வந்தாலும் கடைசி வரை படித்துவிடு.

இங்கே மழை பிடித்துக்கொண்டது. ஒரகடம் ரோட்டில் முழங்கால் தண்ணீர் நிற்பதால் கம்பெனி பஸ்களை எல்லாம் நம் தெரு வழியாகத் திருப்பிவிட்டிருக்கிறார்கள், காலை ஷிஃப்டு பஸ் வந்து ஹாரன் அடிக்கிறபோதே எனக்கு விழிப்பு வந்துவிடுகிறது. பின்வீட்டை இடித்து மூன்று மாடிக்கு லேடீஸ் ஹாஸ்டல் கட்டிவிட்டார்கள், எல்லாம் தெற்கத்திப் பெண்பிள்ளைகள், மொட்டை மாடிக் கொடி முழுக்க ஒரே நிறத்தில் யூனிஃபார்ம் ஆடுகிறது. மழை வந்தால் பின்னாலேயே காய்ச்சலும் வந்துவிடும், உனக்குத் தெரியாததா. காய்ச்சலில் விழுகிற கம்பெனிப் பிள்ளைகளுக்காக உன் அப்பா நடத்துகிற கஞ்சி வூட்டில் எட்டுக் கட்டிலும் நிரம்பி இப்போது தரையில் பாய் விரித்திருக்கிறோம். ரூமில் கூட இருக்கிறவன் ஷிஃப்டுக்குப் போய்விட்டால் வாயில் வெந்நீர் ஊற்ற ஆள் இல்லாத பிள்ளைகள், அம்மா வேணும் என்று திருநெல்வேலிப் பேச்சில் முனகுகிறார்கள். நர்ஸ் செல்லக்கனி ஒருத்திதான் அத்தனை பேரையும் பார்க்கிறாள். காலையில் கஞ்சியை நான்தான் வைத்து அனுப்புகிறேன், பூண்டு கொஞ்சம் தூக்கலாக.

உன் அப்பாவைப் பற்றி இங்கே தொழில் சங்கத்தில் ஒரு மலர் போட்டிருக்கிறார்கள். எழுதுகிற தம்பி ஒருவர் வந்து என்னிடம் உட்கார்ந்து கேட்டார். நானும் மறைக்காமல் சொன்னேன். நம் நிலம் கம்பெனிகள் கட்ட எஸ்டேட்டுக்குப் போனபோது ஊரே வந்த பணத்தில் புல்லட்டும் மாடி வீடும் வாங்கிற்று, இவர் ஒரு பழைய மூன்று சக்கர மீன்பாடி வண்டியை ஓட்டிக்கொண்டு வந்து வாசலில் நிறுத்தினார், கம்பெனிகளில் காலியான எண்ணெய் டிரம்மை வாங்கி அடியில் தங்கியதை வடித்து விற்றார், டிரம்மைக் கழுவி விற்றார், என் அண்ணன் வந்து பார்த்துவிட்டு, இன்னா மச்சான் நெல்லு அளந்த கையில இம்மாம் கரி என்று கேலி செய்தார், அப்புறம் மிஷினுக்குப் போடுகிற கூலன்ட், கிரீஸ் என்று ஏஜென்சி எடுத்து, இன்று சொந்தமாகக் கலந்து டிரம்மில் அடைத்து லாரி லாரியாக அனுப்புகிறார், இன்றைக்கும் அவர் தலையணை உறையைச் சீயக்காய் போட்டு அலசினாலும் மிஷின் எண்ணெய் வாசம் போகாது என்றெல்லாம் சொன்னேன். ஐந்தாம் வகுப்போடு நின்ற நான் அந்த டிரம் லேபிளைப் பார்த்துப் பார்த்துத்தான் இங்கிலீஷ் எழுத்து கற்றுக்கொண்டேன் என்பதையும் சொன்னேன். அதையெல்லாம் விட்டுவிட்டு, எண்ணெய்த் தொழிலின் ஏந்தல், எண்ணற்ற இல்லங்களில் விளக்கேற்றிய வள்ளல் என்று போட்டிருக்கிறார்கள். உன் அப்பா படித்துவிட்டு, நான் இன்னா ஈபி ஆபீஸா என்றார்.

இசக்கியப்பனைப் பற்றி ஒரு வரியாவது போடுவார்கள் என்று நினைத்தேன், அதுவும் இல்லை. டிரம் உருட்டுகிற வேலைக்கு வந்த இரண்டாம் மாதமே அவன் டெங்குவில் விழுந்ததும், பூட்டின ரூமுக்குள் கிடந்தவனை உன் அப்பா டிரம் வண்டியில் படுக்கவைத்துத் தள்ளிக்கொண்டு வந்ததும், நம் கூடத்தில் உன் புத்தகப் பைக்குப் பக்கத்தில் பாயில் கிடந்ததும் உனக்கு ஞாபகம் இருக்கும். கஞ்சி வூடு அன்றைக்கு முளைத்ததுதானே. அந்த இசக்கியப்பன்தான் இன்று கம்பெனியில் மூலப்பொருள் வாங்குவதிலிருந்து லாரி ஏற்றுவது வரை எல்லாம். கம்பெனியில் பாதியை டிரஸ்டுக்கு எழுதி அதன் வருமானத்தில் கஞ்சி வூடு என்றைக்கும் நடக்கவேண்டும், தொழிலை இசக்கி நடத்தவேண்டும் என்று உன் அப்பா முடிவு செய்ததும், உன்னைக் கேட்டதும், நீ கொஞ்சமும் யோசிக்காமல், நல்லதுப்பா, செய்யுங்க என்றதும் இந்த வருஷம் சித்திரையில். ஆவணியில் பத்திரம் பதிய நாள் பார்த்திருந்தார். அது பதியவில்லை. அதற்குக் காரணம் உன் அப்பாவின் நெஞ்சுவலி என்று நீ நினைத்துக்கொண்டிருக்கிறாய். காரணம் நான்.

ஆடி மாதம் கோயிலில் கூழ் ஊற்றிக்கொண்டிருந்தபோது அவர் நெஞ்சைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்தது உனக்குத் தெரியும். ஆஸ்பத்திரியில் அவரை உள்ளே தள்ளிக்கொண்டு போன பிறகு நடந்தது தெரியாது. ஒரு டாக்டர் வெளியே வந்து, சொல்ல முடியாதும்மா, பொண்ணு எங்க இருக்காங்க, சொல்லிடுங்க என்று சொல்லிவிட்டுப் போனார். பையில் கோயில் மஞ்சள் பொட்டலம் இருந்தது. வெராந்தா குழாயில் கைக்குட்டையை நனைத்து அதில் மஞ்சளைப் பூசி, ஒரு ரூபாய்க் காசை வைத்து முடிந்து நேர்ந்துகொண்டேன். என் கையெல்லாம் மஞ்சளாக இருந்ததைப் பார்த்து ஒரு நர்ஸ் பெண், உங்களுக்குக் காமாலையா ஆன்ட்டி என்று கேட்டாள், அந்த நேரத்திலும் அது என் காதில் விழுந்தது. நான் என்ன நேர்ந்துகொண்டேன் தெரியுமா. ஆத்தா, இந்த மனுசன எழுப்பி வுடு, எம் பொண்ணு சசி சீமைய வுட்டு வந்து அவரு நாற்காலியில உக்காருவா என்று வாய்விட்டுச் சொன்னேன். பக்கத்தில் உன் மஞ்சுளா சித்தி நின்றுகொண்டிருந்தாள்.

என் தலைமுடியைக் கொடுக்கிறேன் என்று சொல்லியிருக்கலாம். தீ மிதிக்கிறேன், வருஷம் முழுக்க ஒரு வேளைதான் சாப்பிடுகிறேன் என்று சொல்லியிருக்கலாம். என்னிடம் என்னுடையது என்று இல்லாமலா போயிற்று. ஆனால் வாய் திறந்தபோது நீதான் வந்தாய். பயத்தில் சொல்லிவிட்டேன் என்று முதலில் எனக்கு நானே சமாதானம் சொல்லிக்கொண்டேன். அது முழு உண்மை இல்லை கண்ணு. ஏர்போர்ட்டில் உன்னை அனுப்பிவிட்டு வந்த நாளிலிருந்து, இந்தப் பெண் ஏதாவது ஒரு காரணத்தில் திரும்பி வந்துவிடமாட்டாளா என்று எனக்குள் ஒன்று கிடந்து அரித்துக்கொண்டே இருந்தது. அன்றைக்கு உன் அப்பாவின் உயிரைச் சாக்காக வைத்து உன்னையும் சேர்த்துக் கேட்டுவிட்டேன். அவரும் பிழைக்கவேண்டும், நீயும் வரவேண்டும். வரவு இரண்டும் எனக்கு, செலவு மட்டும் உன் பேரில். கஞ்சி வூட்டில் அரிசி ஒரு கிலோ குறைந்தால் யார் எடுத்தது என்று கேட்கிற நான் எழுதிய கணக்கு இது.

அம்மன் தன் பங்கைச் செய்துவிட்டாள், அவர் கண் திறந்தார், இரண்டு ஸ்டென்ட் வைத்து வீட்டுக்கு அனுப்பினார்கள். நான் வாயை மூடிக்கொண்டு இருந்தேன். மஞ்சுளாவால் முடியுமா. பார்க்க வந்தவர்களிடம் எல்லாம், எல்லாரும் பேங்க்ல டெபாசிட் பண்ணுவாங்க, எங்க அக்கா பெத்த பொண்ணையே ஆத்தாகிட்ட டெபாசிட் பண்ணிட்டாங்க என்று சொல்லிச் சிரித்தாள். அது உன் அப்பா காதில் விழுந்துவிட்டது. உன்னை எதற்கும் கட்டிவைக்கக் கூடாது என்று சொல்லுகிற மனுஷன், நீ விசா வாங்கியபோது, நம்ம நெலமே நம்மகூட நிக்கல, கொழந்தைய எங்க நிக்க வெக்கிறது, போய் வரட்டும் என்று என்னைத் தேற்றிய மனுஷன், பாப்பா ஒத்துக்கிச்சா என்று என்னைக் கேட்டபோது அவர் முகம் பூத்த பூப்பு இருக்கிறதே, அதை நான் எப்படி எழுதுவேன். ஆஸ்பத்திரியிலிருந்து வந்து அன்றைக்குத்தான் முதல் தடவையாக இரண்டாவது இட்லி கேட்டு வாங்கிச் சாப்பிட்டார். நான் இல்லை என்று சொல்லவில்லை. ம் என்றேன். அந்த ஒரு ம்முக்குப் பிறகு எல்லாம் நடந்துவிட்டது. பத்திரத்தை நிறுத்தி, பாப்பா வந்து முடிவு பண்ணட்டும் என்றார். உனக்காக ஒரு சுழல் நாற்காலி வாங்கி ஆபீஸில் போட்டிருக்கிறார், பிளாஸ்டிக் உறையைக்கூடப் பிரிக்கவிடவில்லை. ஆயுத பூஜையன்று பொரி கடலை கொடுக்கும்போது கம்பெனியில் அத்தனை பேர் நடுவிலும், நம்ம பாப்பா வர்றா, இனிமே அவதான் உங்க மொதலாளி என்று சொல்லிவிட்டார். எல்லாரும் கை தட்டினார்கள். இசக்கியப்பனும் தட்டினான். உன்னிடம் மட்டும், அதுவா வாய் தொறந்து சொல்லட்டும், நான் அவசரப்படுத்தக் கூடாது என்று நினைத்து, டிக்கெட் எப்போ என்று மட்டும் கேட்டுக்கொண்டிருக்கிறார். அதே வாரம்தான், உன் அப்பா கம்பெனிக்குப் போயிருந்த நேரத்தில், உன் வேலை நிரந்தரமாகிவிட்டது என்று நீ ஃபோனில் சிரித்துச் சிரித்துச் சொன்னாய். நான் சந்தோஷம் என்று சொன்னேனே, உன் சிரிப்புச் சத்தம் முடிகிற வரை ஃபோனைக் காதிலிருந்து தள்ளித்தான் வைத்திருந்தேன்.

நேற்று சந்தனமாரி வந்தாள், இசக்கியப்பன் பெண்சாதி. தட்டில் பழமும் பூவும் வைத்துக்கொண்டு வந்தாள். என்னம்மா விசேஷம் என்றால் கண் கலங்கி நிற்கிறாள். தீவாளி முடிஞ்சதும் ஓசூருக்குப் போறோம்மா, அங்கன ஒரு கம்பெனில கூப்பிட்டிருக்காவ என்றாள். எங்க வீட்டுக்காரர் ஏதாவது சொன்னாரா என்று கேட்டேன். அண்ணாச்சி ஒண்ணும் சொல்லல, எங்க அவுகதான், மொதலாளி பொண்ணு வாரப்ப நாம எடஞ்சலா நின்னுகிட்டு இருக்கப்படாது, அந்தப் பிள்ள எப்படி அண்ணன் மாதிரி இருக்கவன வெரட்டும்னு சொல்லுதாவ என்றாள். அவன் உனக்கு இடம் விடுகிறானாம். நீ கேட்காத இடத்தை. நாளைக்கு வெள்ளிக்கிழமை, கோயிலுக்குப் போய் பூசாரியைக் கேட்டுவிட்டு வந்து மிச்சத்தை எழுதுகிறேன், இதற்கு மேல் இன்றைக்குக் கை ஓடவில்லை.

சனிக்கிழமை சாயங்காலம்.

நேற்றுக் கோயிலில் பூசாரி சுப்பிரமணி மட்டும்தான் இருந்தார், மழையில் வேறு யாரும் வரவில்லை. நேராகக் கேட்க வெட்கப்பட்டு, ஒருத்தர் பொருள இன்னொருத்தர் நேந்துகிட்டா அது எப்படிங்க என்று பொதுவாகக் கேட்டேன். அவர் திரும்பிக்கூடப் பார்க்காமல் விளக்கைத் துடைத்துக்கொண்டே, இன்னா மரகதம்மா, பக்கத்து வூட்டு ஆட்டுக்கு மஞ்சத்தண்ணி தெளிச்சிட்டியா என்றார். ஊருக்கே தெரிந்துதான் இருக்கிறது. அவர் பிறகு உட்கார்ந்து நிதானமாகச் சொன்னார். ஆட்ட கோயில்ல கொண்டாந்து நிறுத்துறோம், மால போடுறோம், மஞ்சத்தண்ணி ஊத்துறோம், ஊத்துனவொடனே வெட்டிடறோமா, அது ஒடம்ப சிலுப்புற வரிக்கும் எத்தினி நாழி ஆனாலும் ஊரே காத்துகினு நிக்கிதுல்ல, அது துலுக்குனாத்தான் ஆத்தா ஏத்துகிட்டான்னு அர்த்தம், துலுக்காத ஆட்ட அவுத்துவுட வேண்டியதுதான், நீ உம்பொண்ண கேட்டியா என்றார். அவ்வளவுதான் சசி. எத்தனை ஆடிக்கு அந்த ஆட்டின் முன்னால் நானும் கை கூப்பிக் காத்துக்கொண்டு நின்றிருக்கிறேன். ஆட்டைக் கேட்கிறார்கள், உன்னை நான் கேட்கவில்லை. அப்போ இந்தக் காச உண்டியல்ல போட்டுடட்டுமா என்று கேட்டதற்கு, நீ போடாதே, யார் பேர்ல முடிஞ்சியோ அவங்க கையில குடுத்துடு, போடறதும் போடாததும் அவங்க இஷ்டம், ஆத்தாவுக்கும் எனக்கும் ஒண்ணும் அவசரமில்ல என்று சிரித்தார்.

இன்று காலை மாத்திரை கொடுக்கும்போது உன் அப்பாவிடம் எல்லாவற்றையும் சொல்லிவிட்டேன், ஒன்றையும் குறைக்காமல். நெஞ்சுக்கு ஏதாவது ஆகிவிடுமோ என்று பயந்துகொண்டேதான் சொன்னேன். அவர் கையில் டம்ளரை வைத்துக்கொண்டே கேட்டார். பாப்பா வரேன்னு சொல்லவே இல்லியா என்றார். இல்லை என்றேன். அதுக்கு விசயமே தெரியாதா என்றார். தெரியாது என்றேன். என் உசுர மீட்டுகினு வர எம் பொண்ணையா அடகு வெச்சே என்றார். டிபன் தட்டைத் தள்ளிவைத்துவிட்டு, குடையைக்கூட எடுக்காமல் செருப்பை மாட்டிக்கொண்டு மழையில் இறங்கிவிட்டார். ஆஸ்பத்திரியிலிருந்து வந்த பிறகு ஆள் துணையில்லாமல் அவர் தெருவில் நடந்தது இதுதான் முதல் தடவை. நான் பின்னாலேயே ஓடுவதா, கூப்பிடுவதா என்று தெரியாமல் வாசலிலேயே நின்றேன்.

இசக்கியப்பன் வீட்டுக்குப் போயிருக்கிறார். சந்தனமாரிதான் ஃபோன் செய்து சொன்னாள். அண்ணாச்சி வாசல்ல நனைஞ்சுகிட்டே நிக்காவ, உள்ள வாங்கன்னா மாட்டேங்காவ என்று பதறினாள். இசக்கி, நான் அவசரப்பட்டுட்டேன்டா, பாப்பா வரல, எல்லார் முன்னாடி சொன்னத எல்லார் முன்னாடியே வாபஸ் வாங்கிக்கிறேன், பத்திரத்துக்கும் நாள் பாக்கறேன், நீ இருக்கணும் என்றாராம். இசக்கியப்பன் உடனே சரி என்று சொல்லவில்லை. ஓசூர்காரங்ககிட்ட வாக்கு குடுத்துட்டேனே அண்ணாச்சி, தீவாளிக்குள்ள யோசிச்சுச் சொல்லுதேன் என்று சொல்லிவிட்டுத் துண்டை எடுத்து அவர் தலையைத் துவட்டிவிட்டு, பைக்கில் கொண்டுவந்து வாசலில் விட்டுப் போனான். வீட்டுக்குள் வரவில்லை. அவனுக்கும் ரோஷம் இருக்கும்தானே, ஆயுத பூஜையன்று எல்லாரோடும் சேர்ந்து தட்டிய கை அது. அவன் இருப்பானா போவானா என்று இன்னும் தெரியவில்லை. போய்விட்டால் அதுவும் என் கணக்கில்தான். இப்படி நனைஞ்சிகினு வந்தா காய்ச்சல் வராதா என்று நான் உன் அப்பாவைச் சத்தம் போட்டேன், வந்தா கஞ்சி வூட்ல போய் படுத்துக்கறேன், அங்க என்னிய யாரும் அடகு வெக்க மாட்டாங்க என்றார். அந்த அளவுக்காவது பேசினாரே என்று இருந்தது.

மத்தியானம் சாப்பிட்டுவிட்டுக் கொஞ்ச நேரம் கண்ணை மூடிக்கொண்டு கிடந்தார். பிறகு எழுந்து உட்கார்ந்து, நீ அதக் கேக்கல, நான் கேக்கறேன், மரகதம், ஒருவேள அதுக்கே வர ஆசை இருந்தா என்றார். அந்தக் குரலைக் கேட்டு நான் திரும்பி அடுப்பைப் பார்த்துக்கொண்டேன். இந்தக் கடிதத்தைப் பற்றி அவரிடம் சொன்னேன். அது போய் பாப்பா கையில சேரட்டும், படிச்சிட்டு நிதானமா இருக்கட்டும், அடுத்த ஞாயித்துக்கெழம கேக்கறேன் என்று சொல்லியிருக்கிறார். ஆகையால் அடுத்த ஞாயிறு அவர் உன்னிடம் கேட்பார். இந்தத் தடவை ஸ்பீக்கரில் போடச் சொல்லமாட்டார், நானும் பக்கத்தில் இருக்கமாட்டேன், கஞ்சி வூட்டுக்குப் போய்விடுவேன். உனக்கு என்ன தோன்றுகிறதோ அதைச் சொல். அப்பாவின் உடம்பை நினைத்துச் சொல்லாதே, அதற்கு டாக்டர் மாத்திரை கொடுத்திருக்கிறார். அம்மன் கோபிப்பாளோ என்று சொல்லாதே, அவள் என்னோடு பேசிக்கொள்ளட்டும். எனக்காகச் சொல்லவே சொல்லாதே. மேலே நாங்கள் எவ்வளவு தண்ணீர் ஊற்றினாலும், உனக்குள்ளிருந்து வராமல் தலையை ஆட்டிவிடாதே.

பருப்புப்பொடி டப்பாவின் மூடிக்குள் ஒரு மஞ்சள் கைக்குட்டை முடிச்சு இருக்கும், பூஜாவிடம் பிரிக்க வேண்டாம் என்று சொல்லியிருக்கிறேன். உன் பேரில் நான் முடிந்த காசு அதில் இருக்கிறது. முடிச்சை அவிழ்க்கவில்லை, அது என் வேலை இல்லை. அந்த ஊரில் அது செல்லாது, தெரியும். அங்கேயே கிடக்கட்டும், இல்லை என்றைக்காவது உண்டியலில் போடத் தோன்றினால் நீயே வந்து போடு, இரண்டில் எதுவானாலும் அம்மா ஏன் என்று கேட்கமாட்டேன். என்னை மன்னித்துவிடு என்று எழுதத்தான் இவ்வளவும் எழுதினேன், எழுத வரும்போது அந்த வார்த்தை சின்னதாகத் தெரிகிறது. மழையில் தலை நனைத்துக்கொள்ளாதே, அங்கே பனி என்பாய், பனியிலும்தான். வாரத்தில் ஒரு நாளாவது தலைக்கு எண்ணெய் வை. நல்ல எண்ணெய் வை, உன் அப்பா கம்பெனி எண்ணெய் இல்லை. எல்லையம்மன் உன்னை எந்த ஊரில் வைத்தாலும் அந்த ஊரில் சிரிக்க வைக்கட்டும், நீண்ட ஆயுளும் நிறைந்த மனசுமாக நன்றாக இரு.

பொங்கலுக்கு லீவு கிடைத்தால் வா. வரும்போது திரும்பிப் போகிற டிக்கெட்டையும் சேர்த்தே எடுத்துக்கொண்டு வா, மறந்துவிடாதே. இரண்டு தேதியையும் எனக்கு முன்கூட்டியே சொல்லிவிடு, காலண்டரில் இரண்டையும் என் கையாலேயே எழுதி வைத்துக்கொள்கிறேன்.

உன் மேல் உயிரான அம்மா,
க. மரகதம்